கையறவும் கலையும்

மட்டக்களப்பு என்றதும் தமிழர் நெஞ்சில் முதலில் எழுவது பாடும் மீன். நிலவு எறிக்கும் இரவிலே கல்லடிப் பாலத்தின் அருகே தோணியை நிறுத்தி, துடுப்பின் ஒரு நுனியை நீரில் அமிழ்த்தி மறுநுனியைக் காதோடு பொருத்தினால், நீரின் அடியிலிருந்து மெல்லிய இசையொன்று எழுந்துவரும் என்பர். 1848ஆம் ஆண்டில் இங்கு வந்த எமர்சன் ரெனன்ட் என்னும் ஆங்கில அதிகாரி அவ்வொலியைத் தாமே கேட்டு, ஈர விரலாற் கண்ணாடிக் கிண்ணத்தின் விளிம்பைத் தேய்க்கும்போது எழும் ஒலிக்கு அதனை ஒப்பிட்டு எழுதிவைத்தார். பாடுவது மீனா, சிப்பியா என்ற ஆராய்ச்சி இன்று நம் பொருளன்று. நீர்ப்பரப்பு அசைவற்றுக் கிடக்கையில் அதன் அடியில் ஓர் ஒலி உண்டு என்பதும், அதனைக் கேட்க ஒரு துடுப்பாவது வேண்டும் என்பதும் நாம் நினைவிற்கொள்ள வேண்டியவை. மனிதர் நெஞ்சிற் கிடக்கும் துயரமும் பெரும்பாலும் அவ்வாறே கிடக்கின்றது. அதனைக் கேட்பதற்கும் ஆற்றுவதற்கும் இவ்வாவிக்கரை மக்கள் எக்கருவிகளைக் கையாண்டனர் என்பதையும், கடல் கடந்து வந்த ஓவியர் ஒருவர் இக்கரையிற் செய்த பணி அவற்றோடு எங்ஙனம் சேர்ந்தது என்பதையும் இன்று ஆராய்வோம்.

பழந்தமிழ்ப் புலவர் துயரத்தின் ஒரு நிலைக்குக் கையறுநிலை என்று பெயர் வைத்தனர். தலைவன் இறந்துபட, அவனைச் சார்ந்தோர் செய்வதறியாது நிற்கும் நிலை அது. பாரி மாண்டபின் கபிலரும், அதியமான் மாண்டபின் ஔவையாரும் நின்ற நிலை அதுவே. கையறுதல் என்பதற்குச் செயலறுதல் என்று பொருள். இப்பெயரை உற்று நோக்கினால் ஓர் உண்மை புலப்படும். பெருந்துயரம் கண்ணை மட்டும் தாக்குவதில்லை, கையையும் தாக்குகின்றது. நேற்றுவரை உலை வைத்த கை, வலை வீசிய கை, பிள்ளையின் தலை வாரிய கை இன்று செய்வதற்கு ஒன்றுமின்றி மடியிற் கிடக்கின்றது. அவ்வாறு கையற்று நின்ற புலவர் என் செய்தனர்? பாடினர். செயலற்ற நிலையையே பாடுபொருளாக்கி, அதனை ஒரு செயலாக மாற்றினர். துயரத்திற்கும் கலைக்கும் உள்ள உறவு தமிழில் இங்ஙனம் தொடங்குகின்றது.

இனி மட்டக்களப்பு நாட்டிற்கு வருவோம். வடக்கே ஏறாவூர்ப் பக்கத்திலிருந்து தெற்கே கல்முனைப் பக்கம் வரை ஏறத்தாழ 35 மைல் நீளத்திற்கு நீண்டு கிடப்பது மட்டக்களப்பு வாவி. அதன் கிழக்குக் கரையை எழுவான்கரை என்றும் மேற்குக் கரையை படுவான்கரை என்றும் மக்கள் வழங்குவர். ஞாயிறு எழும் கரை ஒன்று; அது படும் கரை மற்றொன்று. எழுவான்கரையிலே தமிழ் ஊரும் முஸ்லிம் ஊரும் மாலையிற் கோத்த மணிகள்போல் அடுத்தடுத்து அமைந்துள்ளன. இரு சாராரும் பேசுவது தமிழ். இரு சாராரும் தாய்வழிக் குடி எண்ணுவர். இரு சாராரிடத்தும் மகளுக்கு வீடு கொடுக்கும் வழக்கம் உண்டு. இவ்வளவு நெருங்கி வாழ்ந்தோர் பின்னர் எவ்வளவு விலக நேர்ந்தது என்பதை அறிய, இந்நெருக்கத்தை முதலில் அறிதல் வேண்டும்.

இந்நாட்டுக் கோயில்களுள் கண்ணகை அம்மன் கோயில்கள் தனிச்சிறப்பு உடையவை. தம்பிலுவில், காரைதீவு, செட்டிபாளையம், வந்தாறுமூலை முதலாய ஊர்களில் ஆண்டுக்கு ஒருமுறை வைகாசித் திங்களில் கதவு திறந்து சடங்கு நடைபெறும். அந்நாட்களிற் கண்ணகி வழக்குரை என்னும் காவியம் பாடப்படும். கோவலனை இழந்த கண்ணகி பாண்டியன் அவையிலே வழக்குரைத்ததும், மதுரை எரியுண்டதும் அதிற் கூறப்படும். பண்டிதர் வி. சீ. கந்தையா அவர்கள் இக்காவியத்தைப் பதிப்பித்து 1968ஆம் ஆண்டில் வெளிக்கொணர்ந்தார். சடங்கின் நிறைவிலே குளிர்த்தி நடைபெறும். நீரும் வேப்பிலையும் கொண்டு, குளிர்த்திப் பாடல் பாடி, சினத்தால் வெதும்பிய தேவியைக் குளிரச் செய்வர். தேவி குளிர்ந்தால் ஊர் குளிரும், மழை பொழியும், அம்மை நோய் அணுகாது என்பது நம்பிக்கை.

இச்சடங்கின் ஒழுங்கினைக் கவனியுங்கள். முதலில் வழக்குரை; அதன் பின்னரே குளிர்த்தி. கணவனைப் பறிகொடுத்த ஒரு பெண்ணை நோக்கி, நடந்தது நடந்துவிட்டது, அழாதே, மறந்துவிடு என்று எவரும் கூறவில்லை. அவள் வழக்கினை முழுமையாகக் கேட்கின்றனர். அவள் சினம் நியாயமானது என்று ஏற்கின்றனர். ஓர் ஊர் முழுதும் கூடி, அவள் கதையைத் தொடக்கத்திலிருந்து பாடி முடித்த பின்பே தண்ணீர் தெளிக்கின்றனர். அடுத்த ஆண்டும் இவ்வாறே செய்கின்றனர். ஒருமுறை குளிர்ந்தமையால் துயரம் தீர்ந்துபோயிற்று என்று கணக்கை முடித்து வைப்பதில்லை. துயராற்றுதல் என்னும் பணியைப் பற்றி இவ்வூரார் நெடுங்காலமாக அறிந்துவைத்திருந்த உண்மை இது.

மட்டக்களப்புக் கூத்திலும் இதனையே காண்கின்றோம். வடமோடி ஆயினும் தென்மோடி ஆயினும், போரும் வீரமும் ஆடி முடிந்தபின் புலம்பலுக்கு இடம் உண்டு. மத்தளம் தணிந்து ஒலிக்க, களரியைச் சுற்றியிருந்தோர் தத்தம் வீட்டு இழப்புக்களையும் அங்கே அழுது தீர்ப்பர். பேராசிரியர் சு. வித்தியானந்தன் அவர்கள் 1960களில் பேராதனைப் பல்கலைக்கழக மாணவரைக் கொண்டு கர்ணன் போர், நொண்டி நாடகம், இராவணேசன், வாலி வதை என்பவற்றை மேடையேற்றியபோது, கிராமத்து வட்டக்களரியில் நிகழ்ந்த இக்கலை நாடெங்கும் அறியப்பட்டது. அவற்றில் ஆடிய மாணவருள் ஒருவரான சி. மௌனகுரு அவர்கள் பிற்காலத்தில் மட்டக்களப்பு மரபுவழி நாடகங்களை விரிவாக ஆராய்ந்து எழுதினார்.

இத்துணை வளமுடைய மரபும் தாங்க மாட்டாத ஒரு காலம் வந்தது. 1990ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் மீண்டும் மூண்ட போர், சில திங்களுக்குள் இவ்வாவிக்கரையை உருக்குலைத்தது. ஜூலையிலே குருக்கள்மடத்தில் வழிமறிக்கப்பட்ட முஸ்லிம் பயணிகள் வீடு திரும்பவில்லை. ஆகத்து 3ஆம் நாள் காத்தான்குடிப் பள்ளிவாசல்களிலே தொழுகையில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்டோர் விடுதலைப் புலிகள் நடத்திய தாக்குதலில் மாண்டனர். ஒரு கிழமை கடந்து ஏறாவூரிலும் நூற்றுக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். செத்தெம்பர் 5ஆம் நாள் வந்தாறுமூலைக் கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் அடைக்கலம் புகுந்திருந்த தமிழருள் 158 பேரை இராணுவத்தினர் கொண்டுசென்றனர், அவர்கள் மீளவில்லை. செத்தெம்பர் 9ஆம் நாள் சத்துருக்கொண்டானிலும் அயலூர்களிலும் இருந்து கொண்டுசெல்லப்பட்டுக் கொலையுண்டோர் 184 பேர் என்பர். அவர்களுட் கைக்குழந்தைகளும் இருந்தனர். ஆகத்து 15ஆம் நாள் வாழைச்சேனையிலிருந்து மட்டக்களப்பை நோக்கிப் புறப்பட்ட அமெரிக்க நாட்டு இயேசு சபைத் துறவி யூஜின் ஹீபேர்ட் அடிகளாரும் அவருடன் சென்ற இளைஞரும் வழியிற் காணாமற் போயினர்.

காணாமற் போதல் என்னும் இத்தொடரிலே ஒரு புதுவகைத் துயரம் அடங்கியுள்ளது. இறந்தாரை நீராட்டிக் கிடத்தி, ஒப்பாரி சொல்லி, எட்டும் முப்பத்தொன்றும் கழிப்பது ஒரு முறை. ஜனாஸாத் தொழுது மையவாடியில் அடக்குவது ஒரு முறை. இரண்டிற்கும் உடல் வேண்டும். உடல் இல்லாதவிடத்து ஒப்பாரி தொடங்குவதற்கும் வழியில்லை; தொடங்கினால் உயிரோடு இருக்கக்கூடிய மகனைத் தாயே கொன்றதாகாதோ என்னும் அச்சம் எழும். பொட்டு வைப்பதா, அழிப்பதா என்று அறியாத மனைவியர் எத்துணை பேர்! சொல்லி அழுவதற்கும் அக்காலம் இடந்தரவில்லை. கேட்பவர் யார், கேட்டதை யாரிடம் சொல்வார் என்று அஞ்சி ஊரே வாய்மூடிக் கிடந்தது. பழம் புலவர் கண்ட கையறுநிலை ஒருவர் இறந்தபின் வருவது. இதுவோ, இறந்தாரா இருக்கின்றாரா என்று அறியாமலே கையற்று நிற்பது.

அந்நாட்களில் மக்கள் அம்மன் கோயில்களை நாடினர். தெய்வமாடுவோர் முன் நின்று, என் பிள்ளை இருக்கின்றானா என்று வாக்குக் கேட்டனர். பற்றீசியா லோறன்ஸ் என்னும் அமெரிக்க மானிடவியலாளர் இதனை நேரிற் கண்டு ஆராய்ந்தார். வாயாற் சொல்ல இயலாத செய்திகள் தெய்வமாடுவோரின் உடலிலும் குரலிலும் வெளிப்பட்டதையும், அரசும் படையும் கேட்க மறுத்த வழக்கினை அம்மன் சந்நிதி கேட்டதையும் அவர் எழுதினார். வழக்குரையும் குளிர்த்தியும் மட்டக்களப்பில் வெறும் பழங்கதையல்ல என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

ஆயினும் பிள்ளைகள் என் செய்வர்? பெரியோர் கோயிலில் வாக்குக் கேட்கலாம், பள்ளிவாசலில் இறைஞ்சலாம், தேவாலயத்தில் முழந்தாளிடலாம். தந்தை இழுத்துச் செல்லப்பட்டதைக் கதவிடுக்கில் நின்று கண்ட எட்டு வயதுக் குழந்தைக்கு எச்சடங்கு உண்டு? 1990களின் நடுப்பகுதியிற் கனடா நாட்டு மக்மாஸ்ரர் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த மருத்துவ ஆய்வாளர், போர் பிள்ளைகளுக்கு இழைத்த தீங்கினை மட்டக்களப்பு ஊர்களில் ஆராய்ந்தனர். ஆராயப்பட்ட பிள்ளைகளுள் ஏறக்குறைய அரைப்பங்கினர் தம் குடும்பத்தில் ஒருவரையேனும் வன்முறையால் இழந்திருந்தனர். நோய் இன்னதென்று அறிந்தாயிற்று. இனி மருந்து என்ன என்னும் வினா எழுந்தது.

இவ்விடத்திலேதான் நம் ஓவியர் வருகின்றார். போல் ஹோகன் என்பது அவர் பெயர். கனடாவின் ரொறன்ரோ நகரைச் சேர்ந்தவர். அந்நகரில் ஊனமுற்ற சிறுவருக்கான மருத்துவ நிலையம் ஒன்றின் நிலத்திலே, சுருள் தோட்டம் என்று பொருள்படும் பெயருடன் ஒரு கலைத் தோட்டத்தை 1980களில் உருவாக்கியோருள் அவர் ஒருவர். ஊனமுற்ற பிள்ளைகளும் ஏனைய பிள்ளைகளும் அங்கே ஒருங்கு கூடி மண்ணிலும் வண்ணத்திலும் கதையிலும் ஈடுபட்டனர். நோயாளி, மருத்துவர் என்னும் பிரிவு அங்கே மறைந்தது. செடி நடுவோர், பொம்மை செய்வோர், கதை சொல்வோர் என்ற பிரிவே இருந்தது. அந்த அனுபவத்தோடு அவர் மட்டக்களப்புக்கு வந்தார்.

தனியொருவராய் அவர் எதனையும் செய்திருத்தல் இயலாது. இம்மண்ணையும் மொழியையும் மக்கள் மனத்தையும் அறிந்த ஒருவர் துணை வேண்டியிருந்தது. அத்துணையாக அமைந்தவர் போல் சற்குணநாயகம் அடிகளார். இயேசு சபைத் துறவியான அவர் உளவளத்துணையிற் பயிற்சி பெற்று, போரால் நலிந்தோர்க்குச் செவிகொடுத்து வந்தவர். போல் என்னும் பெயர் இருவர்க்கும் பொது. ஒருவர் ஓவியர், மற்றவர் துறவி. இவ்விருவரும், இவ்வூர் இளைஞர் சிலரும் சேர்ந்து 1996ஆம் ஆண்டில் மட்டக்களப்பு நகரிலே, இயேசு சபையினரின் நிலத்தில், வண்ணத்துப்பூச்சி சமாதானப் பூங்கா என்னும் தோட்டத்தைத் தொடங்கினர்.

நேயர்களே, 1996ஆம் ஆண்டு போர் ஓய்ந்த ஆண்டன்று. சோதனைச் சாவடிகள் நிறைந்த தெருக்கள்; மாலையானால் அடைபடும் கதவுகள்; படுவான்கரையில் ஒரு கொடி, எழுவான்கரையில் ஒரு கொடி. அவ்வேளையிலே தமிழ் ஊர்ப் பிள்ளைகளையும் முஸ்லிம் ஊர்ப் பிள்ளைகளையும் ஒரே பேருந்தில் ஏற்றி ஒரே தோட்டத்திற்குக் கொண்டுவருவது எளிய செயலாகுமோ? தன் பிள்ளையை அனுப்பிய ஒவ்வொரு தாயும், மாலையில் அது திரும்பி வரும்வரை படலையையே பார்த்துக்கொண்டு நின்றிருப்பாள் என்பதில் ஐயமில்லை. அத்தாய்மாரின் துணிவும் இத்தோட்டத்தின் வரலாற்றிற் சேர்த்தெண்ணத் தக்கது.

தோட்டத்தில் நடந்தது என்ன? பிள்ளைகள் கிழமைக்கு ஒருநாளாகப் பல மாதங்கள் தொடர்ந்து வந்தனர். களிமண் பிசைந்தனர்; வண்ணம் தீட்டினர்; முகமூடியும் பாவையும் செய்தனர்; செடி நட்டனர்; விலங்குகளையும் பறவைகளையும் பேணினர்; பாடினர்; ஆடினர்; கதை கட்டினர். தாம் கட்டிய கதைகளை நாடகமாக்கி ஊராரின் முன்னிலையில் ஆடிக் காட்டினர். மண்வேலை, கலைவேலை, நெஞ்சவேலை, அதன்வழி ஆறுதல் என்பதே தோட்டத்தார் தம் பணிக்கு வகுத்துக்கொண்ட ஒழுங்கு. அவர்கள் ஆறுதலை நேரே தேடிச் செல்லவில்லை, மண்ணில் தொடங்கினர்.

பிள்ளையை உட்காரவைத்து, உனக்கு நேர்ந்ததைச் சொல் என்று கேட்கும் வழக்கம் அங்கு இல்லை. அது தானே ஒன்றைத் தேர்ந்து தொட வேண்டும். ஒருநாள் முழுதும் மண்ணை உருட்டிக்கொண்டு வாளாவிருந்தாலும் குற்றமில்லை. நேர்ந்ததை நேராகச் சொல்ல இயலாத பிள்ளைக்கு யானையும் அரக்கனும் பேசும் பறவையும் துணைவந்தன. அரக்கன் அழித்த ஊரைப் பற்றிய கதையை ஒரு பிள்ளை சொல்லும்போது, அரக்கன் யார், ஊர் எது என்று எவரும் கேட்பதில்லை. கதை எவ்வாறு முடிந்தது என்று மட்டும் கேட்பர். கதையின் முடிவை அமைக்கும் உரிமை பிள்ளையின் கையில் இருந்தது. வாழ்க்கையில் அவ்வுரிமை அதற்கு ஒருபோதும் கிடைத்ததில்லை. முன்னர்க் கூறிய பற்றீசியா லோறன்ஸ் அம்மையார் இத்தோட்டத்துப் பிள்ளைகளின் கதைகளையும் கற்பனையையும் ஆராய்ந்து பின்னர் ஒரு நூலும் எழுதினார்.

பிள்ளைகளுக்குத் துணைநின்ற இளைஞர் யார் என்பதும் கருதத்தக்கது. அவர்கள் வெளிநாட்டு வல்லுநர் அல்லர். இவ்வூர்த் தமிழரும் முஸ்லிம்களுமே. போர் அவர்கள் வீட்டையும் விட்டுவைக்கவில்லை. ஆதலின் பிள்ளைகளுக்கு வண்ணம் கொடுக்குமுன் அவர்களும் வண்ணத்தில் விரலைத் தோய்க்க வேண்டியிருந்தது. தன் புண்ணைத் தொட அஞ்சுபவன் பிறர் புண்ணுக்கு மருந்திடல் அரிது. இவ்விளைஞரை உருவாக்கியதே ஹோகனின் தலையாய பணி என்பது என் கருத்து. தாம் வரைந்த ஓவியங்களாற் புகழ்பெறும் கலைஞர் பலர். பிறர் கையிலே தூரிகையைக் கொடுத்து, தம் பெயரை மறைத்துக்கொள்ளும் கலைஞர் சிலர். இவர் இரண்டாம் வகையினர்.

போர் நடக்கையிலே பூந்தோட்டமும் பொம்மையும் எதற்கு என்று கேட்டவர்களும் உண்டு. இக்கேள்வி புதிதன்று. இரண்டாம் உலகப் போரின்போது செக் நாட்டுத் தெரெசீன் என்னும் இடத்தில் நாற்சிகள் யூத மக்களை அடைத்துவைத்தனர். அவர்களுடன் அடைக்கப்பட்ட பிரீடில் டிக்கர் பிராண்டைஸ் என்னும் ஓவியப் பெண்மணி, தாம் கொண்டுசெல்ல அனுமதிக்கப்பட்ட பொதியில் ஓவியப் பொருள்களையும் கொண்டுசென்று, அங்கிருந்த பிள்ளைகளுக்கு 1942 முதல் 1944 வரை ஓவியம் கற்பித்தார். 1944 ஒக்தோபரில் அவர் அவுஷ்விற்சுக்குக் கொண்டுசெல்லப்பட்டுக் கொல்லப்பட்டார். அவரிடம் கற்ற பிள்ளைகளுட் பெரும்பாலோரும் கொல்லப்பட்டனர். அவர் மறைத்துவைத்துச் சென்ற பெட்டிகளில் ஏறத்தாழ 4,500 ஓவியங்கள் கிடைத்தன. அவை இன்று பிராக் நகரிலே பேணப்படுகின்றன. அவ்வோவியங்கள் ஓர் உயிரையும் காக்கவில்லை என்பது உண்மை. ஆயினும் அப்பிள்ளைகள் வெறும் எண்களாய் மறையாமல், ஒவ்வொருவரும் தத்தம் கண்ணால் உலகைக் கண்டவர் என்று நாம் அறிவது அவற்றாலேயே. தூரிகையைப் பிடித்திருந்த அந்நாழிகையேனும் அவர்கள் கையறு நிலையில் இருக்கவில்லை.

துயரத்திற்கு உருக்கொடுத்தல் விரைவில் முடியும் வேலையுமன்று. ஜெர்மனியின் கேத்தே கோல்விற்ஸ் என்னும் சிற்பி, 1914ஆம் ஆண்டில் போர்க்களத்தில் இறந்த தம் மகனுக்கு ஒரு நினைவுச் சிலை செய்யத் தொடங்கினார். வனைந்தார், கலைத்தார், மீண்டும் வனைந்தார். 1932ஆம் ஆண்டிலேதான் சிலை மகன் உறங்கும் மயானத்தை அடைந்தது. அச்சிலையில் மகன் இல்லை. முழந்தாளிட்டு நிற்கும் தாயும் தந்தையுமே உள்ளனர். தேர்ந்த சிற்பிக்கே பதினெட்டு ஆண்டுகள் வேண்டியிருந்தன எனின், சத்துருக்கொண்டான் தாய்க்கும் காத்தான்குடித் தாய்க்கும் காலவரை விதிக்க நாம் யார்?

மட்டக்களப்பின் துயரமும் ஒரு முறையில் முடியவில்லை. 2004ஆம் ஆண்டு டிசெம்பர் 26ஆம் நாள் எழுந்த கடற்கோள், வாவிக்கும் கடலுக்கும் இடையே ஒடுங்கிக் கிடந்த நாவலடி முதலிய ஊர்களைத் துடைத்துச் சென்றது. துப்பாக்கிக்குத் தப்பிய பிள்ளைகள் சிலர் கடலுக்கு இரையாயினர். அப்போதும் வண்ணமும் களிமண்ணும் கதையும் பிள்ளைகளிடம் சென்றன. முன்னர் மனிதரை அஞ்சிய பிள்ளைகள் இப்போது கடலை அஞ்சினர். ஆற்றும் முறை ஒன்றே. அதனைக் கற்றுவைத்திருந்த கைகள் ஊரிலே இருந்தமை நற்பேறு.

தோட்டத்திற்கு வெளியேயும் இப்பணி நடைபெற்றது. 1991ஆம் ஆண்டிற் கொழும்பில் இடம்பெயர்ந்த பெண்களிடையே தோன்றிப் பின்னர் மட்டக்களப்புக்கு வந்த சூரியா பெண்கள் அபிவிருத்தி நிலையம், கணவரையும் மக்களையும் இழந்த பெண்களை ஒன்றுகூட்டிப் பாட்டாலும் நாடகத்தாலும் அவர்கள் குரலை வெளிக்கொணர்ந்தது. யாழ்ப்பாணத்தில் ஓவியர் அ. மாற்குவிடம் பயின்று மட்டக்களப்பிலே வாழ்ந்துவரும் கமலா வாசுகி அவர்கள், பெண்ணின் உடலையும் அது தாங்கிய நோவையும் தம் ஓவியங்களின் பொருளாக்கியதோடு, பெண்கள் தாமே வரைவதற்கும் வழிசெய்தார். சி. ஜெயசங்கர் அவர்களும் அவருடைய மூன்றாவது கண் குழுவினரும் சீலாமுனைக் கிராமத்து மக்களோடு சேர்ந்து கூத்தினை மீளுருவாக்கம் செய்தனர். அரங்கிற் காட்டுவதற்கு ஒரு கூத்தைச் செப்பனிடுவது அவர்கள் நோக்கமன்று. ஊரார் தாமே கூடி இருந்து பேசி, தம் கதையைத் தாமே திருத்தி ஆடுவதே நோக்கம். சிதறிய ஊர் மீண்டும் ஊராவதற்கு வட்டக்களரி உதவிற்று.

இத்துணையும் கூறியபின், கலையால் இயலாததையும் கூறுதல் நேர்மை. கிழக்கிலே போர் 2007இலும் நாடெங்கும் 2009 மே மாதத்திலும் முடிந்தது. காணாமற் போனோரைப் பற்றி ஆராய ஆணைக்குழுக்கள் அமைந்தன. பின்னர் ஒரு நிரந்தர அலுவலகமும் அமைந்தது. ஆயினும் வந்தாறுமூலையிற் பிரிந்த 158 பேருக்கு என்ன நேர்ந்தது என்பதற்கும், குருக்கள்மடத்திற் பிரிந்தோர் எங்கே கிடக்கின்றனர் என்பதற்கும் உறவினர் மனம் ஒப்பும் விடை கிடைக்கவில்லை. மகனின் படத்தை நெஞ்சோடு அணைத்துத் தெருவில் நிற்கும் தாயிடம், ஓவியம் வரைந்து ஆறுக என்று கூறுவது கொடுமையாகும். 2019ஆம் ஆண்டு ஏப்பிரில் 21ஆம் நாள், உயிர்த்த ஞாயிறன்று, மட்டக்களப்புச் சீயோன் தேவாலயத்தில் வெடித்த குண்டு முப்பது பேரளவினரைக் கொன்றது. அவர்களுட் பலர் சிறுவர். தோட்டத்திற் கைகோத்து விளையாடிய தமிழ், முஸ்லிம் பிள்ளைகள் வளர்ந்து பெரியோராகியிருந்த அவ்வேளையில், இரு சாராரிடையே ஐயம் மீண்டும் தலைதூக்கிற்று. ஒரு தோட்டம் ஒரு நாட்டின் பகையைத் தீர்த்துவிடும் என்று எண்ணினால் ஏமாற்றமே எஞ்சும்.

கண்ணகை அம்மன் சடங்கு நமக்குக் கற்பிப்பதும் இதுவே. வழக்குரை இன்றிக் குளிர்த்தி இல்லை. வழக்கினைக் கேட்பது அரசின் கடன், அறமன்றத்தின் கடன், அயலாரின் கடனும் ஆகும். அக்கடனைக் கலை தீர்க்க இயலாது. ஆனால் வழக்குத் தீருமளவும் மனிதர் உயிரோடு இருத்தல் வேண்டும்; பேசும் வல்லமையோடு இருத்தல் வேண்டும்; அடுத்த வீட்டாரின் வழக்கினையும் கேட்கும் நெஞ்சோடு இருத்தல் வேண்டும். தன் துயரத்தைக் களிமண்ணில் வனைந்து பார்த்த பிள்ளை, அருகிலிருந்த மற்றைய ஊர்ப் பிள்ளையின் கையிலும் அதே களிமண் இருக்கக் கண்டது. அங்கும் ஓர் அரக்கன், அங்கும் ஓர் எரிந்த வீடு. என் ஊரிலேதான் இது நடந்தது என்று எண்ணியிருந்த பிள்ளைக்கு அதனினும் பெரிய கல்வி எது? அச்சிறு தோட்டம் செய்த பணி இதுவேயாம். இது சிறிய பணியன்று.

வைகாசி வரும்போது வாவிக்கரைக் கோயில்களின் கதவுகள் மீண்டும் திறக்கும். வழக்குரை மீண்டும் முதலடியிலிருந்து தொடங்கும். சென்ற ஆண்டு பாடியதுதானே என்று எவரும் எழுந்து செல்வதில்லை. நம் அயலில் ஒரு தாய் தன் கதையைப் பத்தாம் முறையாகச் சொல்லத் தொடங்கும்போது, நாமும் அவ்வாறே இருந்து கேட்டல் தகும். கேட்டு முடிந்தபின், அவள் கைக்கு ஒரு வேலையும், அவ்வேலையில் துணையாக நம் கையும் கொடுப்போமாக.